ஆயிரத்தொன்றிலிருந்து

எங்கள் வேலையில் முதல் பிரேமுக்கு இலக்கம் ஆயிரத்தொன்று.
அதற்கு முந்திய ஆயிரமும் எங்கே என்று
சேர்ந்த புதிதில் லசிதவிடம் கேட்டேன்.
"சம்பளம் இல்லாத பயிற்சிக்காலம்" என்றான்.

நுகேகொடையில் ஒரு டைல்ஸ் கடைக்கு மேல்மாடி.
யன்னலுக்குக் கறுப்புத் துணி.
கீழே யாரோ கொமட்டுக்கு விலை பேச
மேலே நான்
தாமரைக் கோபுரத்தை அகற்றிக்கொண்டிருப்பேன்.

படத்தில் ஆண்டு எழுபத்தொன்று.
கமெராவுக்கு அது தெரியாது.
பேர வாவிக்குப் பின்னால் ஊதா மொட்டோடு நிற்கிறது கோபுரம்,
இருநூற்றுப் பதினாறு பிரேம்களிலும்.
1058இல் ஒரு காகம் அதற்குக் குறுக்கே வருகிறது.

காகம்தானே என்பவர்கள்
அதன் இறகு நுனியை ஒருதரம் வெட்டிப் பாருங்கள்.
அடிக்கும் சிறகுக்கு ஓரமே இல்லை.
பாதி காகம், பாதி வானம்,
எதைப் பிடித்து இழுத்தாலும் மற்றதும் கூட வரும்.
மூன்று நாள் போனது.
நான்காம் நாள் பஸ் தரிப்பில் நின்ற காகங்களுக்கு
நல்ல பேச்சுக் கொடுத்தேன்.
அவை பொருட்படுத்தவில்லை.

முன்பு கலைக்குழுவில் இருந்தேன், இம்தியாஸ் நானாவோடு.
தேயிலைச் சாயமும் அடுப்புக் கரியும் கலந்து
கொம்பனித்தெருவில் புதுச் சுவரொன்றுக்கு
ஒரே பகலில் நாற்பது வயது கொடுத்தோம்.
"இதை யார் கழுவுவது?" என்று கத்தினார் வீட்டுக்காரர் பள்ளியகுரு.
வாளியோடு போன அன்று
"வேண்டாம், வெள்ளைக்காரர் வந்து படம் எடுக்கிறார்கள்" என்று
கேற்றிலேயே மறித்தார்.
சுவர் இன்னும் இருக்கிறது.
அதற்குப் பிறகு நான் செய்த எதையும்
கையால் தொட முடியாது.

வங்கியில் கடன் படிவம். தொழில்?
"அழிக்கிறது" என்றேன்.
பேனா நின்றது.
"கம்பி, மைக், லைட் போஸ்ட், கதாநாயகனின் பரு..."
'கணினி' என்று எழுதிக்கொண்டார்.

ஒருவழியாகக் கோபுரம் போனது.
அந்த இடத்தில் வைத்தது என் சொந்த வானம்,
கொட்டாஞ்சேனை மொட்டைமாடியில்
உடுப்புக் கொடிகளுக்கு மேலே பிடித்தது.
அனுப்பினேன்.
திரும்பி வந்தது ஒரே வரி:
வாவியில் இன்னும் நிற்கிறது.

நின்றது.
தலைகீழாக, நெளிந்து நெளிந்து,
மேலே தன்னை எடுத்தது தெரியாமல்.

தண்ணீரை முழுக்க மறுபடி செய்தேன்.
கூடவே இரண்டு அன்னப் படகுகளும் போயின.
அப்போதுதான் அவனைக் கண்டேன்.
கரையில், இடது மூலையில், ஒரு துணை நடிகன்.
எழுபத்தொன்றின் அகலக் காற்சட்டை,
யாருடைய அளவுக்கோ தைத்த கொலர்.
பேப்பர் வாசி என்று சொல்லியிருப்பார்கள்.
1040இல் பேப்பரைத் தாழ்த்தி அண்ணாந்து பார்க்கிறான்,
வாய் கொஞ்சம் திறந்து,
கொழும்புக்கு அன்று காலைதான் வந்திறங்கியவன் போல.

அவன் பார்த்ததை நான் எடுத்துவிட்டேன்.
வெறும் ஆகாயத்தை
ஒரு மனிதன் இவ்வளவு ஆசையாய்ப் பார்த்தால்
யார் நம்புவார்கள்?

"அவனையும் தூக்கு" என்றான் லசித,
மாலுபாணை மென்றபடி. "இரண்டு மணித்தியால வேலை."
உண்மைதான்.
நான் காகத்தைத் தூக்கினேன்.
பதினெட்டுப் பிரேம் முன்னுக்கு இழுத்து,
சற்றே உயர்த்தி,
அவன் கண் போய் நிற்கும் இடத்தில் விட்டேன்.

காகம் பறந்தது. ஒருத்தன் பார்த்தான்.
எழுபத்தொன்றில் நடந்திருக்கக்கூடியதுதான்.

இரவு, 138 பஸ், யன்னலோரம்.
புறக்கோட்டையை நெருங்க
கோபுரம் நீலத்திலிருந்து ரோசாவுக்கு மாறியது.
பக்கத்து சீற்றில் ஒரு பொடியன்
கடலைச் சரையை மடியில் வைத்துவிட்டு
கழுத்தை அண்ணாந்தான்.

என் சுண்டுவிரல்
பையின் தோல்மேல்
தானாக ஒருதரம் அழுத்திப் பார்த்தது.

நல்லவேளை,
ஒன்றும் நடக்கவில்லை.